தறியே கோயில்

கேள்வி: பிரபஞ்சத்தையே நெய்த துணியாகக் கும்பிடும் மதம் ஒன்றை யாராவது தொடங்கினால் சேருவீர்களா?

பதில்: உடனே! அதன் வேர் பழையது. இந்த உலகம் எதில் பாவும் ஊடையுமாக நெய்யப்பட்டிருக்கிறது என்று பிருகதாரண்யக உபநிடதத்தில் முனிவர் யாக்ஞவல்கியரை விடாமல் கேட்டவர் கார்கி என்னும் பெண் ஞானி. பக்திக் கவிஞர் கபீரோ காசியில் நெசவாளர் குடும்பத்தில் வளர்ந்தவர். நாம் புத்தகத்துக்கே 'நூல்' என்று பெயர் வைத்தவர்கள். ஆகவே வேதமும் தயார். காஞ்சிபுரம் கோர்வைச் சேலையில் உடல் ஒரு நிறம், கரை வேறு நிறம். இருவர் சேர்ந்து மூன்று நாடாக்களால் இரண்டையும் கோக்கிறார்கள். அதுதான் வழிபாடு. இழையை அறுப்பது பாவம். அறுந்ததை முடிந்து சேர்ப்பது புண்ணியம். காணிக்கை? நெசவாளியிடம் பேரம் பேசாமல் கொடுக்கும் முழு விலை!