பால்மா பைக்கட் நானா

கல்பிட்டியில் குறுக்கு வீதிக்கு ஒருவர் இப்படி இருப்பார். யன்னலுக்குத் திரைச்சீலை வாங்கமாட்டார், "சல்லியக் கொண்டுபோய்த் துணியிலயா கொட்டுற, தம்பி?" என்பார். யன்னலைச் சும்மா விடவும் மாட்டார். வெயிலோடு அவருக்குக் காணி வழக்கு மாதிரி ஒரு தீராத பகை.

ஏப்ரல் இரண்டாம் வாரம் சூரியன் புத்தளத்துக்கு நேர் உச்சியில் நிற்கும். எங்கள் வீதி நானாவுக்கும் அப்போதுதான் உச்சிக்கு ஏறும். கத்தரிக்கோலோடு படியேறி வருவார். "பால்மா முடிஞ்சா பைக்கட்ட வீசிராதீங்க." முடிந்தால் என்பது சும்மா மரியாதைக்கு. நேரே குசினிக்குப் போய், பைக்கட்டைத் தூக்கிக் காதோரம் குலுக்கிப் பார்ப்பார். "இன்னும் நாலு தேத்தண்ணிக்கு இருக்கு. வியாழக்கிழமை வாறன்." நாங்கள் வியாழனுக்குள் குடித்து முடித்தாக வேண்டும்.

400 கிராம் பைக்கட்டை ஓரம் வெட்டி விரித்து, உள்ளே இருக்கும் வெள்ளிப் பக்கம் வெளியே பார்க்கும்படி கண்ணாடியில் வைத்துச் செலோடேப் போடுவார். கழுவமாட்டார், கழுவினால் வெள்ளி போய்விடுமாம். அதனால் வெயில் நின்ற இடத்தில் எறும்பு வரும். உப்புக்காற்றில் டேப் விட்டுப்போய் இரவெல்லாம் படபடவென்று அடிக்கும். மண்டபத்துக்குள் உட்கார்ந்து பார்த்தால் யன்னல் நிறையப் பச்சைப் புல்வெளி, பசுமாடு. வெளிச்சம் மட்டும் இல்லை. பட்டப்பகலில் பல்ப் எரியும். நுரைச்சோலையில் 900 மெகாவாட் அனல்மின் நிலையம் கட்டியதே தன் மண்டபத்துக்காக என்று நினைக்கிறாரோ என்னவோ. மாத முடிவில் கரண்ட் பில்லைப் பார்த்துவிட்டு மதினியோடு சண்டை.

2022இல் பால்மாவுக்கு வரிசையில் நின்றோமே, அப்போது ஊரே தேத்தண்ணியை நினைத்து ஏங்கியது. இவர் யன்னலை நினைத்து ஏங்கினார்.

அவர் வீட்டுக் குசினி யன்னலில் மீன் வாடியில் எடுத்த ரெஜிபோம் பெட்டி மூடி. அதற்குப் பூனைகள் காவல். குளியலறையில் தோற்றுப்போன வேட்பாளரின் பதாகை. அவற்றை விடுவோம்.

உண்மையைச் சொல்லத்தான் வேண்டும். நோன்பு மாதத்தில் ஒருநாள், யாரும் கூப்பிடாமலே ஏணியைத் தூக்கிக்கொண்டு வந்து, உம்மாவின் அறை மேற்கு யன்னலை அடைத்துவிட்டுப் போனார். ஒரு வாய் தண்ணீர் குடிக்காத மனிதர். அறையில் வெக்கை குறைந்தது. உம்மா இன்றைக்கும் அவருக்கு துஆ கேட்கிறார்.

ஆனால் நான் கேட்பது வேறு. நானாவின் மேல்மாடி யன்னல் என் வீட்டு முன் விறாந்தையைப் பார்த்தபடி இருக்கிறது. பின்னேரம் நாலு மணி கழிந்தால் அவர் வீட்டுக்குள் வராத வெயில் முழுவதும் அந்த வெள்ளியில் பட்டு என் சாய்மனைக் கதிரைக்கு வருகிறது. தன் வெயிலை அடுத்தவன் தலையில் கொட்டுவது எந்த ஊர் நியாயம்? சொன்னால், "உங்கட யன்னலையும் அடைப்போம் தம்பி" என்கிறார்.

காற்றுக் கதை இன்னும் மோசம். மே தொடங்கி செப்டெம்பர் வரை இந்தக் கடற்கரையில் அடிக்கும் காற்றுக்காக வெள்ளைக்காரர்கள் விமானம் ஏறி வந்து பட்டத்தில் தொங்குகிறார்கள். நானா யன்னலைத் திறக்கமாட்டார். திறந்தால் டேப் கழன்றுவிடும்.

தென்னை முக்கோணத்தின் ஒரு மூலையில் இருக்கிறோம். ஊறவைத்துப் பின்னிய கிடுகில் ஒரு தட்டி கட்டி, யன்னலுக்கு வெளியே கயிற்றில் தொங்கவிட்டால் போதும். காலையில் சுருட்டலாம், மத்தியானம் இறக்கலாம். வெயில் கண்ணாடியைத் தொடுமுன்பே நின்றுவிடும். உள்ளே ஒட்டினால் கண்ணாடி முதலில் சுடும். தட்டியென்றால் காற்றும் இடுக்கால் வரும். இதையெல்லாம் நானாவிடம் சொன்னேன். "கிடுகு ஏழை வீட்டுச் சாமான்" என்றார், பால்மா பைக்கட்டை நீவிக்கொண்டே.

ஆகவே கல்பிட்டி வாசிகளே, பால்மா முடிந்த அன்றே பைக்கட்டைச் சிறுசிறு துண்டாக வெட்டிக் குப்பையில் போடுங்கள். முழுசாக மட்டும் போடாதீர்கள். குப்பை வண்டிக்கு முன்னே அவர் வந்துவிடுவார்.