புல்லின் வேர்

கேள்வி: அமெரிக்கப் புல்வெளி நாவல்களில் மரத்தையே காணோம். ஆனால் பக்கத்துக்குப் பக்கம் வேர், வேர் என்கிறார்களே?

பதில்: மரம் இல்லாத ஊரில்தான் வேர் ஆழம்! அங்கே ஆளுயரம் வளரும் புல்லின் வேர் 10 அடி வரைகூட இறங்கும். மணமக்களை அறுகுபோல் வேரோடச் சொல்லி வாழ்த்துகிற நமக்கு இது புரியாதா? குடியேறியவர்கள் அந்த மண்ணை வேரோடு பாளம் பாளமாக வெட்டிச் சுவர் எழுப்பினார்கள். வேருக்குள்ளேயே குடித்தனம்!

ஒன்றே ஒன்றுதான் படிக்க நேரம் என்றால், வில்லா கேதரின் 'மை ஆன்டோனியா' (1918). ஒன்பது வயதில் வர்ஜீனியாவிலிருந்து நெப்ராஸ்காவுக்கு வந்தவர் அவர். பொஹீமியாவிலிருந்து வந்த ஆன்டோனியா, அப்பா இறந்தபின் ஆண்பிள்ளைபோல ஏர் பிடிக்கிறாள். அந்த அப்பா, ஊர் ஏக்கம் தாளாமல் முதல் பனிக்காலத்திலேயே உயிரை மாய்த்துக்கொண்டவர். அவரைப் புதைத்த மூலையில் பின்னாளில் இரண்டு சாலைகள் வருகின்றன. இரண்டுமே கல்லறையை மிதிக்காமல் சற்று வளைந்து போகின்றன. உழுத நிலத்துக்கு நடுவே அங்கே மட்டும் பழைய புல் அறுபடாமல் நிற்கிறது. அந்த இடத்தில் புத்தகத்தை மூடிவைத்து அழுதேன்.

லாரா இங்கல்ஸ் வைல்டரின் 'லிட்டில் ஹவுஸ் ஆன் த பிரெய்ரி'யைப் (1935) பிள்ளைகளுக்குக் கொடுங்கள். கூடவே, கான்சாஸில் அந்த வீடு எழும்பிய மண் ஓசேஜ் மக்களுடையது என்பதையும் சொல்லிக்கொடுங்கள். அவர்களுடைய வேரும் அதே புல்லுக்கு அடியில்தான் இருந்தது.