அதட்டலுக்குப் பிரிவு இல்லை

கைமாற்றாகக் கொடுத்த ஐம்பதாயிரம் திரும்பி வரவில்லை. இன்ஸ்பெக்டர் ஓர் அதட்டல் போட்டு வாங்கித் தர மாட்டாரா?

வாங்கித் தரலாம்; ஆனால் அந்த அதட்டலுக்குச் சட்டத்தில் பிரிவு கிடையாது. தமிழ்நாட்டில் அதற்குக் கட்டப் பஞ்சாயத்து என்று பெயர். கடன் பாக்கிக்குச் சிவில் கோர்ட்தான் வழி. கெடு பொதுவாக 3 ஆண்டு. வாங்கும்போதே ஏமாற்றும் எண்ணம் இருந்திருந்தால் மட்டுமே மோசடிக் குற்றம். பிறகு கையில் காசில்லாமல் போனால் அது வெறும் கடன்.

அப்படியானால் வரப்புத் தகராறுக்குப் போலீஸ் வருவது ஏன்?

வரப்பைக் காக்க அல்ல, மண்டையைக் காக்க. நிலம் யாருடையது என்று சொல்லும் அதிகாரம் ஸ்டேஷனுக்கு இல்லை. அடிதடி மூளும் நிலை இருந்தால் போலீஸ் அறிக்கை தரும். பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 164ஆம் பிரிவின்படி நிர்வாக நடுவர் விசாரிப்பார். அவரும் பார்ப்பது நிலம் யார் அனுபவத்தில் இருக்கிறது என்பதை மட்டுமே. பட்டா, பத்திரம், பாகப்பிரிவினை எல்லாம் சிவில் கோர்ட்டுக்கு.

செக் திரும்பி வந்தால் ஸ்டேஷனுக்குப் போகலாம்தானே?

அது குற்றம்தான், சிறையும் உண்டு. ஆனாலும் வழி ஸ்டேஷன் அல்ல, மாஜிஸ்திரேட் கோர்ட். வங்கி தகவல் தந்த 30 நாளுக்குள் நோட்டீஸ். அது கிடைத்த 15 நாளில் பணம் வராவிட்டால், அடுத்த ஒரு மாதத்துக்குள் எழுத்துப்பூர்வமான புகார்.