திறவாமை: ஐவகைப் பாகுபாடு

தன் வீட்டு வைஃபையின் கடவுச்சொல்லைச் சொற்பட்டியல் கொண்டு சோதிப்பவருக்கு, கருவி சில வேளை 'கிடைக்கவில்லை' என்று கைவிரித்துவிடும். இந்நிலை திறவாமை எனப்படும். அது ஐவகைப்படும்.

1. சொல்லின்மை: பட்டியலில் இல்லாத சொல் கிடைக்காது. இதில் ஆய ஒன்றுமில்லை. ஆயினும் ஆய்வார் உளர்.

2. குறுமை: டபிள்யூபிஏ2 என்னும் வைஃபைப் பாதுகாப்பு முறையில் கடவுச்சொல்லுக்கு 8 முதல் 63 எழுத்து வேண்டும். 2009இல் கசிந்து, சோதனையாளரின் மூலச்சுவடியாகிவிட்ட 'ராக்யூ' பட்டியலில் 1.4 கோடிக்கு மேற்பட்ட சொற்கள் உள்ளன. அதன் தலைச்சொல்லாகிய '123456' ஆறே எழுத்தாதலின் வாயிலிலேயே தள்ளப்படும்.

3. பதிவுக்குறை: போனும் ரௌட்டரும் இணைகையில் பரிமாறும் நான்கு செய்திகளின் பதிவே சோதனைக்கு ஆதாரம். போனில் தப்பான கடவுச்சொல் அடித்த வேளையில் பதிவானால், கருவி அத்தப்பையே தேடும்; பட்டியலில் இருந்தால் வெகு சரியாகக் கண்டும் பிடிக்கும்.

4. பெயர்ப்பிழை: கடவுச்சொல்லோடு வைஃபையின் பெயரையும் கலந்து 4096 சுற்று அரைத்தே திறவுகோல் ஆக்கப்படுகிறது. பெயரில் ஓர் ஆங்கில எழுத்து பெரியதிலிருந்து சிறியதானாலும் அத்தனை சுற்றும் வீண்.

5. காணா ஈறு: விண்டோஸில் உருவான பட்டியலில் வரிதோறும் இரண்டு முடிவுக்குறிகள் உண்டு, லினக்ஸ் ஒன்றையே அறியும். மிகுந்து நிற்கும் முதற்குறியைச் சில கருவிகள் தாமே களையும். களையாதவற்றில் அது சொல்லின் கடைசியில் ஒட்டிக்கொள்ளும். ஏழெழுத்துச் சொல் இதனால் எட்டெழுத்தாகி, இரண்டாம் வகைக்குத் தப்பி இவ்வகையில் அகப்படுவதும் உண்டு. ஒட்டிய இக்குறி எழுத்தே அன்று என்பர் பழைய உரைகாரர். எழுத்துதான், ஆனால் இடைச்செருகல் என்பர் புத்துரைகாரர். இரு சாராரும் கோப்பைத் திறந்தே பார்க்கவில்லை என்று மூன்று தொகுதிகளில் நிறுவினார் பின்வந்த மறுப்புரைகாரர். அவரும் திறக்கவில்லை என்பது மூன்றாம் தொகுதியில், அடிக்குறிப்பின் அடிக்குறிப்பால் பெறப்படும். 'டாஸ்2யூனிக்ஸ்' என்னும் ஒற்றைக் கட்டளை இவ்வீற்றை நீக்கிவிடும். நீங்கினால் கருத்தரங்கு நின்றுவிடுமாதலின் எச்சாராரும் அதைப் பரிந்துரைத்திலர்.

வகையறியும் முறை: தெரிந்த கடவுச்சொல்லைக் கையால் அடித்து ஒருவரிப் பட்டியல் செய்க. அது திறந்தால் குறை பழைய பட்டியலில். திறவாவிடில் பதிவிலோ பெயரிலோ. எந்தப் பிழையும் இன்றித் திறவாமை நேர்ந்தாலும் அது கடவுச்சொல்லின் வலிமைக்குச் சான்றிதழ் ஆகாது. அப்பட்டியலில் அச்சொல் இல்லை என்பதே முடிவு.

புறனடை: 2018இல் அறிமுகமான டபிள்யூபிஏ3இல் இணைப்பைப் பதிந்து வைத்துத் தனியே சொற்களை ஓட்டிப் பார்க்க இயலாது. அங்கே திறவாமை இயல்பாதலின் பாகுபாடு வேண்டா.