கேட்டுக்கு வெளியே கேமரா

கேள்வி: எங்கள் ஊர் ஏ.எஃப்.டி. பஞ்சாலை 1898-இல் தொடங்கியது. பேசாப்பட காலத்திலேயே ஆலை வேலையைப் படம் எடுத்தார்களா?
- வாசகர், முதலியார்பேட்டை

பதில்: எடுத்தார்கள், ஆனால் முதலில் கேட்டோடு சரி! 1895-இல் லூமியேர் சகோதரர்கள் லியோனில் எடுத்த படத்தில் தொழிலாளர்கள் வேலை முடிந்து வெளியே வருகிறார்கள். ஒரு நிமிஷம்கூட ஓடாது. உங்கள் ஆலையில் ஷிப்டு விட்டதும் கடலூர் சாலை சைக்கிள்களால் நிரம்பியதைப் பார்த்தவர்களுக்கு அந்தப் படத்தை விளக்கவே வேண்டாம்.

உள்ளே போக வெளிச்சம் வேண்டுமே! 1904-இல் அமெரிக்காவின் வெஸ்டிங்ஹவுஸ் தொழிற்சாலைக்குள் பாதரச ஆவி விளக்குகளைக் கட்டி, ஓடும் கிரேன் மேல் கேமராவை உட்கார வைத்தார் ஒளிப்பதிவாளர் பில்லி பிட்சர். கம்பிச்சுருள் சுற்றும் பெண்களின் கைவேகத்தை இன்றைக்கும் பார்க்கலாம், அசந்துபோவீர்கள். நம் தாதாசாகேப் பால்கே இன்னும் ஒரு படி மேல்: சினிமா தயாராகும் விதத்தையே 1917-இல் சினிமாவாக்கிவிட்டார்.

உங்கள் ஆலை 2020-இல் மூடப்பட்டது. தறி ஓட்டியவர்கள் உங்கள் தெருவிலேயே இருப்பார்கள். அறுந்த நூலை அவர்கள் முடிச்சுப் போடும் விதத்தை இந்த ஞாயிற்றுக்கிழமையே செல்போனில் எடுத்து வையுங்கள். பிட்சருக்குக் கிடைக்காத ஒன்று உங்களுக்குக் கிடைக்கும்: அவர்கள் பேச்சு.