குப்புசாமியும் கிளாடியாவும்

பூச நட்சத்திரம் நாலாம் பாதத்தில் பிறந்த குழந்தைக்குப் பஞ்சாங்கம் ஒதுக்கும் முதலெழுத்து 'டா'. டகரம் சொல்லுக்கு முதலில் வராது என்று தொல்காப்பியர் எப்போதோ கதவைச் சாத்திவிட்டார். நடுவில் மாட்டிக்கொண்ட பெற்றோர், வாயில் வந்த ஒலியோடு ஒரு 'ஷ்' சேர்த்து, 'இறைவனின் ஒளி' என்று பொருளும் சொல்லிவிடுகிறார்கள். எந்த மொழியில் என்று கேட்டால், சமஸ்கிருதமாம். சமஸ்கிருதத்துக்குத்தான் விஷயம் தெரியாது.

தாத்தா பெயர் குப்புசாமி என்று சொல்ல மட்டும் கூச்சம். பிள்ளை தங்காத வீட்டில், அடுத்துப் பிறந்ததைக் குப்பையில் புரட்டி எடுத்து, தவிட்டுக்கு வாங்கியதாகப் பாவனை செய்து, குப்பன், பிச்சை என்று கூப்பிட்டார்கள். எமன் 'இது தேறாத சரக்கு' என்று போய்விட வேண்டும் என்ற கணக்கு. அந்தப் பிச்சைதான் 2015-இல் கூகுளின் தலைமை நாற்காலியில் ஏறியது.

ஸ்டைலான பெயர்களின் யோக்கியதையையும் பார்ப்போம். கிளாடியாவின் லத்தீன் வேருக்குக் கால் விந்துபவர் என்று பொருள். சிசிலியாவின் வேர் பார்வையில்லாதவர். பவுல், சின்னவன். கேமரூன், ஸ்காட்லாந்தின் கேலிக் மொழியில் கோணல் மூக்கு. தாமஸ் என்றால் அரமேயத்தில் இரட்டைப் பிள்ளை. ஒற்றையாகப் பிறந்த தாமஸ்கள் ஊருக்கு ஊர் இருக்கிறார்கள், யாரும் வழக்குப் போடவில்லை.

குழந்தைப் பெயர்ப் புத்தகம் வாங்கப் போகிறவர்களே, அர்த்தம் அச்சிட்ட பக்கங்களுக்கு மட்டும் விலையைக் குறைத்துக் கேளுங்கள்.