விமர்சகர் – ரசிகர் இடைவெளி: பாப்கார்னை முன்வைத்து ஓர் ஆய்வு

ஒரே திரை, ஒரே இருட்டு, ஒரே இரண்டரை மணி நேரம். வெளியே வரும்போது விமர்சகர் 'திரைக்கதையில் அடர்த்தி போதாது' என்கிறார். பக்கத்து சீட்டுக்காரர் 'செம படம்ணே' என்கிறார். இதற்குக் காரணம் ரசனைக் குறைவு என்பது விமர்சகர் தரப்பின் கொள்கை. வயிற்றெரிச்சல் என்பது ரசிகர் தரப்பின் கொள்கை. இரண்டுமே டீக்கடைகளில் நிறுவப்பட்டவையாதலால் ஏற்பதற்கில்லை. காரணம் முழுக்க முழுக்கப் பொருளாதாரமே என்பது இக்கட்டுரையின் துணிபு.

விமர்சகர் பத்திரிகையாளர் காட்சிக்குத் தனியாகப் போகிறார். டிக்கெட் இலவசம். படம் மோசமென்றால் அதையே எழுதிச் சம்பளமும் வாங்கலாம். சாமானியரோ ஞாயிறு மாலை மனைவி, இரண்டு பிள்ளைகள், ஊரிலிருந்து வந்த மாமியார் சகிதம் போகிறார். டிக்கெட், முன்பதிவுக் கட்டணம், பார்க்கிங், இவற்றுக்கு மேல் பாப்கார்ன். இவ்வளவும் அழுத பிறகு படம் மொக்கை என்று ஒப்புக்கொண்டால், அந்தப் படத்தைத் தேர்ந்தெடுத்தவர் யார் என்ற கேள்வி மாமியார் முன்னிலையில் எழும். எனவே 'ஒரு தடவை பார்க்கலாம்' என்று தீர்ப்பளிக்கிறார். இரண்டாம் தடவைக்குக் கூப்பிட்டுப் பாருங்கள், வர மாட்டார்.

காசு கொடுத்தவன்தானே அதிகம் திட்டுவான் என்று மறுப்போர் உண்டு. திட்டுகிறான்தான், பொருள் வேறு. விமர்சகர் லாஜிக் இல்லையென்று திட்டுகிறார், ரசிகர் 'லேக்' என்று திட்டுகிறார். நாயகன் ஒரே குத்தில் பத்துப் பேரைப் பறக்கவிடுவதில் ரசிகருக்கு ஆட்சேபம் ஏதுமில்லை. பறந்தவர்கள் கீழே விழத் தாமதிக்கக் கூடாது, அவ்வளவே.

நம் துணிபுக்கு வலுவான சான்று 'அன்பே சிவம்'. 2003 பொங்கலுக்கு வந்தது, மெச்சி எழுதினார்கள், கூட்டம் வரவில்லை. அதே பொங்கலுக்கு வந்த 'தூள்' பக்கம் கூட்டம் போய்விட்டது. பிற்பாடு தொலைக்காட்சியில் திரும்பத் திரும்பப் போட்டார்கள். இன்று அதைத் தியேட்டரில் பார்க்கத் தவறியவர்கள்கூட அது ஓடாததற்குத் தமிழ்நாட்டைக் கடிந்துகொள்கிறார்கள். இடையில் மாறியது ரசனையா? டிக்கெட் விலை சுழியமானது, அதுதான் மாற்றம். இடைவெளி மறுதிசையில் அடைபடுவதும் உண்டு. 1975 ஆகஸ்ட் 15 அன்று வந்த 'ஷோலே'யைத் தொடக்கத்தில் விமர்சகர்கள் பலர் ஒதுக்கினார்கள். பம்பாய் மினர்வாவில் அது ஐந்தாண்டுகளுக்கு மேல் ஓடியது. பின்னர் அதைப் பற்றிப் புத்தகங்களே எழுதப்பட்டன.

இரு தரப்பும் ஒத்துப்போன அபூர்வ நிகழ்வொன்றும் ஆய்வாளர் கண்ணில் படுகிறது. 1977-இல் '16 வயதினிலே'வை மக்கள் கொண்டாடினார்கள். ஆனந்த விகடன் 62.5 மதிப்பெண் கொடுத்தது. விகடன் அளவில் அது வாரி வழங்கிய மதிப்பெண், பல்லாண்டுகள் பேசப்பட்டது. வீட்டுக்கு இதே மதிப்பெண்ணோடு போகும் பிள்ளையிடம் மீதி 37.5 எங்கே என்று கேட்கும் சமூகம், இங்கே மட்டும் கை தட்டியது. ஆயினும் அந்த அரை மதிப்பெண் எதற்கு? சப்பாணிக்கா, மயிலுக்கா, பரட்டைக்கா? இதற்கே ஒரு முனைவர் பட்டம் தாங்கும்.

அண்மைக் காலத்தில் ஆய்வுப் பொருளே குழம்பிவிட்டது. படம் முடிந்து வாசலுக்கு வரும் ரசிகர் முன் மைக்கை நீட்டுகிறார்கள். அக்கணமே அவர் விமர்சகராகிவிடுகிறார். ஒரே ஆறுதல், காசு கொடுத்த விமர்சகர். 2024 நவம்பரில் 'கங்குவா' வந்த கையோடு, யூடியூப்காரர்களைத் தியேட்டர் வளாகத்துக்குள் விடக் கூடாது என்று தமிழ்த் திரைப்பட நடப்புத் தயாரிப்பாளர்கள் சங்கம் கேட்டுக்கொண்டது. முதல் மூன்று நாள்களுக்கு இணைய விமர்சனமே கூடாதென்று உயர்நீதிமன்றத்துக்கும் போனார்கள். இடைக்காலத் தடை கிடைக்கவில்லை.

தயாரிப்பாளர்களுக்கு ஒரு வேண்டுகோள். வழக்குச் செலவு வேண்டாம். பத்திரிகையாளர் காட்சியை ரத்து செய்யுங்கள். ஒவ்வொரு விமர்சகரையும் ஞாயிறு மாலைக் காட்சிக்கு, சொந்தக் காசில், குடும்பத்தோடு வரவழையுங்கள். பாப்கார்ன் பெரியதாக வாங்குவது கட்டாயம். மாமியார் இல்லாதவருக்கு நீங்களே ஒருவரை ஏற்பாடு செய்து கொடுக்கலாம்.